தொட்டியும் சுவரும்: மாக்ஸ் லிந்தரும் பி. ரம்லியும்

பாரிசில் ஓர் அடுக்குமாடி. மருத்துவர் சொன்னாரென்று ஒரு கனவான் குளியல் தொட்டி வாங்கி வருகிறார். அறையில் குழாய் கிடையாது. எல்லோரும் ஏறி இறங்கும் படிக்கட்டுத் தளத்தில்தான் இருக்கிறது. தொட்டியை அங்கே இழுத்துப்போய் நிரப்புகிறார். நிரம்பிய தொட்டி நகர மறுக்கிறது. சரி, இங்கேயே குளித்துவிட்டால் போச்சு என்று இறங்கி உட்கார்ந்துவிடுகிறார். அக்கம்பக்கத்தார் கூச்சல் போட, போலீஸ் வர, தொட்டியை ஆமையோடுபோல் முதுகில் கவிழ்த்துக்கொண்டு கட்டடச் சுவரிலேயே ஏறி ஓடுகிறார். பாத்தே நிறுவனத்துக்காக மாக்ஸ் லிந்தர் 1910இல் நடித்த குறும்படம் இது. பெயர், 'மாக்ஸ் குளிக்கிறார்'.

அங்கிருந்து 55 ஆண்டு தள்ளி, கோலாலம்பூர். பகலில் பள்ளியில் பாடம் நடத்தும் வாத்தியார் ஒருவர். அடுத்த அறையில், இரவு விடுதியில் பாடும் பெண். இவர் தூங்கும் நேரத்தில் அவளுக்கு விழிப்பு, அவள் தூங்கும் நேரத்தில் இவருக்கு வேலை. நடுவில் ஒற்றைச் சுவர். முகம் பார்க்காமலே சுவருக்கு இருபுறமும் சத்தத்தால் சண்டை போடும் இருவரும் வெளியே சந்தித்து, யார் எவரென்று தெரியாமல் காதலிக்கிறார்கள். உலு கிள்ளானிலிருந்த மெர்டேக்கா ஸ்டுடியோவுக்காக 1965இல் பி. ரம்லி இயக்கி நடித்த 'மாசாம் மாசாம் மானிஸ்' கதை இது. 'புளிப்பும் இனிப்பும்' என்று தமிழில் சொல்லலாம்.

பிரிக்பீல்ட்ஸ் ரயில்வே கோட்டர்ஸிலோ, தோட்டத்து லயத்திலோ வளர்ந்தவருக்கு இரண்டு நிலைமையும் புதிதல்ல. பொதுக்குழாயில் யார் முதலில் வாளி வைப்பது என்ற சண்டையும் தெரியும், பக்கத்து வீட்டு ரேடியோ சுவரைத் துளைத்துக்கொண்டு வருவதும் தெரியும். இடம் போதாத வாழ்க்கையிலிருந்தே இரண்டு கலைஞர்களும் சிரிப்பைப் பிழிந்தெடுத்தார்கள். ஆனால் இருவருக்கும் கிடைத்த சாறு வேறு. அந்த வேறுபாடுதான் இந்தக் கட்டுரை. லிந்தரைப் பார்த்து ரம்லி கற்றார் என்று நிறுவுவது என் நோக்கமல்ல. ஒரே விதை இரண்டு மண்ணில் எப்படி முளைத்தது என்று பார்ப்பதே நோக்கம்.

விதை வந்த வழி

உடம்பால் சிரிக்கவைக்கும் இந்தக் கலையை ஆங்கிலக்காரர் ஸ்லாப்ஸ்டிக் என்கிறார்கள். பழைய இத்தாலியக் கோமாளிகள் கையில் வைத்திருந்த இரட்டைப் பலகைக் கோலின் பெயர் அது. அடித்தால் சத்தம் பலமாகக் கேட்கும், வலி அவ்வளவாக இருக்காது. நம் தோல்பாவைக்கூத்தில் உச்சிக்குடும்பனும் உளுவத்தலையனும் ஒருவரையொருவர் மொத்திக்கொள்வதைப் பார்த்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

சினிமாவில் இது பிறந்தது பிரான்சில். 1895இல் லூமியேர் சகோதரர்கள் திரையிட்ட முதல் படங்களுள் ஒன்றிலேயே ஒரு பையன் தோட்டக்காரரின் தண்ணீர்க் குழாயை மிதித்து நிறுத்துகிறான். என்ன ஆயிற்று என்று அவர் குழாய் வாயை உற்றுப் பார்க்கும்போது காலை எடுக்கிறான். முகமெல்லாம் தண்ணீர். அடுத்த இருபது ஆண்டுகளில் பிரெஞ்சுக்காரர்கள் இதை ஒரு தொழிலாகவே ஆக்கினார்கள். பாத்தேயில் ஆந்த்ரே டீட், 'புவாரோ' என்ற பெயரில் தட்டுமுட்டுச் சாமான்களை நொறுக்கினார். கோமோன் நிறுவனத்தில் ழான் துராந் இயக்கிய 'ஒனேசிம்' படமொன்றில் (1912), சீக்கிரம் சொத்து கைக்கு வரவேண்டுமென்று நாயகன் கடிகாரத்தையே வேகமாக ஓடவைக்கிறான். நகரம் முழுக்கத் தலைதெறிக்க ஓடுகிறது.

இந்தச் சரக்கு ஆசியாவுக்கும் சீக்கிரமே வந்தது. 1905இல் திருச்சி ரயில்வே ஊழியர் சாமிக்கண்ணு வின்சென்ட், டூபோன் என்ற பிரெஞ்சுக்காரரிடம் படக்கருவியையும் படச்சுருள்களையும் வாங்கி ஊர் ஊராகக் கொட்டகை போட்டார். தென்னிந்தியாவில் சினிமா கால்வைத்த கதை அங்கிருந்துதான் தொடங்குகிறது. 1907இல் பாத்தே நிறுவனம் சிங்கப்பூரில் கிளை திறந்தது. சேவல் சின்னம் பதித்த சுருள்கள் அங்கிருந்து இந்த வட்டாரமெங்கும் போயின. பேச்சில்லாத படத்துக்கு மொழிபெயர்ப்புத் தேவையில்லை. மலாய்க்காரரும் சீனரும் தமிழரும் ஒரே கொட்டகையில் ஒரே நேரத்தில் சிரிக்க முடிந்தது. பிற்பாடு வந்த பேசும்படம்தான் ஆளுக்கொரு கொட்டகை என்று நம்மைப் பிரித்து உட்காரவைத்தது.

கோட்டும் கைலியும்

லிந்தரின் இயற்பெயர் காப்ரியேல் லூவியேல். 1883இல் போர்தோ நகருக்கு அருகில் பிறந்து, நாடக மேடையிலிருந்து 1905இல் பாத்தேக்கு வந்தார். அவருக்கு முன்பிருந்த கோமாளிகள் கிழிந்த சட்டையும் கோணல் முகமுமாக வந்து நின்றார்கள். லிந்தர் அதைத் தலைகீழாக்கினார். பட்டுத்தொப்பி, கையுறை, கைத்தடி, நறுக்கிய மீசை. கல்யாண மாப்பிள்ளைபோல் வருகிறவர் விழுந்தால்தான் சிரிப்பு அதிகம் என்பதை முதலில் கணக்குப் போட்டவர் அவர். 1907இல் எடுத்த சறுக்கல் படத்தில், உறைந்த ஏரியின்மேல் முழு அலங்காரத்தோடு கால்வைக்கிறார். அந்த அலங்காரம் கொஞ்சம் கொஞ்சமாகக் குலைவதுதான் படம்.

ரம்லி 1929இல் பினாங்கில் பிறந்தவர். தந்தை ஆச்சேயிலிருந்து வந்தவர். 1957இல் 'பூஜாங் லாப்போக்' படத்தை இயக்கியபோது அவர் பிடித்துக்கொண்டது நேரெதிரான ஆட்களை. 'லாப்போக்' என்றால் பூஞ்சணம் பூத்தது, மக்கியது. கல்யாண வயது தாண்டியும் கையில் காசில்லாமல் வாடகை வீட்டில் ஒண்டிக்கிடக்கும் மூன்று கட்டைப் பிரம்மச்சாரிகள். ரம்லி, எஸ். சம்சுடின், அசிஸ் சத்தார் மூவரும் ஏறக்குறையத் தங்கள் சொந்தப் பெயரிலேயே வருகிறார்கள். திருவல்லிக்கேணி மேன்ஷன் வாழ்க்கையை அறிந்த தமிழ்நாட்டுக்காரருக்கு இவர்கள் அறைத்தோழர்கள்.

தொல்காப்பியம் நகைச்சுவை பிறக்கும் இடங்களாகச் சொல்பவற்றுள் எள்ளலும் பேதைமையும் மடமையும் உண்டு. உரையாசிரியர்கள் எள்ளலை இரண்டாகப் பிரிக்கிறார்கள்: நாம் பிறரை எள்ளுவது, பிறர் நம்மை எள்ளுவது. பேதைமை என்றால் அறியாமை. சொன்னதை அப்படியே நம்பிப் பிடித்த பிடியை விடாதிருப்பது மடமை. இந்த அளவுகோல் நம் ஒப்பீட்டுக்குக் கச்சிதமாகப் பொருந்துகிறது.

லிந்தர் நிற்பது எள்ளலில். 1911இல் வந்த ஒரு படத்தில் மருத்துவர் கொடுத்த கினா மதுவை மருந்தென்று குடித்துக் குடித்து மாக்ஸுக்குப் போதை ஏறுகிறது. போகிற இடமெல்லாம் பெரிய மனிதர்களோடு சண்டை. அவர்கள் கௌரவமாக மோதுவதற்காகத் தங்கள் பெயரட்டையை நீட்டுகிறார்கள். பிறகு போலீஸ்காரர் குடிகாரனைப் பிடித்துச் சட்டைப்பையைத் துழாவினால் கிடைப்பது ஓர் அதிகாரியின் அட்டை. உடனே சல்யூட் அடித்து, அந்த அதிகாரி வீட்டுக்கே பத்திரமாகக் கொண்டுபோய் விடுகிறார். அடுத்த போலீஸ்காரருக்கு அடுத்த அட்டை. ஆளைப் பார்த்து யாரும் வணங்கவில்லை, அட்டைக்குத்தான் வணக்கம். ஒரு சின்னஞ்சிறு படத்துக்குள் ஒரு சமுதாயத்தின் மரியாதைக் கணக்கு அம்மணமாகிறது.

ரம்லியின் களம் பேதைமையும் மடமையும். 'பெண்டேக்கார் பூஜாங் லாப்போக்' (1959) படத்தில் சிலம்பம்போன்ற சீலாட் கலையைக் கற்க மூவரும் ஒரு குருவைத் தேடிப் போகிறார்கள். குருவின் மகள் முதியோருக்கு எழுத்தறிவு வகுப்பு நடத்துகிறாள். எழுத்துகளை ஒவ்வொன்றாகச் சரியாகக் கூட்டிவிட்டு, கடைசியில் அவற்றோடு ஒட்டும் உறவுமில்லாத ஒரு சொல்லை உரக்க வாசிக்கும் மாணவனைப் பார்த்துக் கொட்டகை அதிர்ந்தது. விடுதலை பெற்று இரண்டே ஆண்டான நாடு, வயது வந்தவர்கள் பலகையைப் பிடித்துக்கொண்டு எழுத்துக்கூட்டிய காலம் என்பதை நினைவில் வைத்தால், அந்தச் சிரிப்பில் ஏளனம் இல்லை என்பது புரியும். சிரித்தவர்களில் பலர் அதே பெஞ்சில் உட்கார்ந்திருந்தவர்கள். அந்த ஆண்டு கோலாலம்பூரில் நடந்த ஆசியத் திரைப்பட விழாவில் சிறந்த நகைச்சுவைப் படத்துக்கான பரிசும் அதற்கே கிடைத்தது.

தனியே விழுவதும் கூட்டாக விழுவதும்

உடையைவிட முக்கியமான வேறுபாடு எண்ணிக்கை. மாக்ஸ் எப்போதும் ஒண்டியாள். தொட்டியைச் சுமப்பதும் அவரே, துரத்தப்படுவதும் அவரே. சுற்றியிருப்பவர்கள் வேடிக்கை பார்க்கிறார்கள், அல்லது புகார் கொடுக்கிறார்கள். மானத்தைக் காப்பாற்றிக்கொள்ளும் பாடு தனிமனிதப் பாடு. அதில் துணைக்கு ஆள் வராது.

ரம்லியின் ஆட்கள் மூவராகவே வருகிறார்கள். கோலாலம்பூருக்கு வந்தபின் எடுத்த 'டோ ரே மி' வரிசையிலும் அதே கணக்கு: ரம்லி, ஏ.ஆர். தொம்பெல், இப்ராகிம் டின். வேலையில்லை, காசில்லை, ஆனால் திட்டு வாங்கவும் ஓடவும் ஓடியபின் மூச்சுவாங்கவும் பக்கத்தில் இரண்டு பேர் உண்டு. 'செனிமான் பூஜாங் லாப்போக்' (1961) படத்தில் மூவரும் நடிகராகப் போகிறார்கள். இரவு உட்கார்ந்து வசனம் மனப்பாடம் செய்யவேண்டும். ஒண்டுக்குடித்தன வீட்டில் ஓர் அறையில் ஒருவர் ஊதல் வாத்தியம் பழகுகிறார், இன்னொருவர் மோட்டார் சைக்கிளை முடுக்குகிறார், வேறோர் அறையில் சச்சரவு. பாரிஸ் படிக்கட்டில் அண்டைவீட்டார் போலீஸைக் கூப்பிட்டார்கள். இங்கே அண்டைவீட்டாரே நகைச்சுவை நடிகர்கள். மறுநாள் படப்பிடிப்பில் வசனம் வாயில் வராமல் குளறும்போது, இயக்குநராக வரும் அகமட் நிஸ்பு வெடிக்கும் வெடி மலாய் சினிமாவின் மறக்கமுடியாத காட்சிகளில் ஒன்று.

இரண்டையும் சேர்த்துப் பார்க்கும்போது எனக்குத் தோன்றுவது இதுதான்: லிந்தரின் படத்தில் விழுந்தவன் எழுந்ததும் முதலில் தொப்பியைத் தேடுகிறான். ரம்லியின் படத்தில் மற்ற இருவரும் எங்கே என்று தேடுகிறான்.

சுருளும் சத்தமும்

இந்த வேறுபாட்டுக்கு இரண்டு கலைஞர்களின் மனப்போக்கு மட்டும் காரணமல்ல. தொழிற்சாலையும் காரணம். லிந்தருக்குக் கிடைத்தது ஒரு சுருள், சுமார் 300 மீட்டர். கால் மணி நேரத்துக்குள் முடித்தாக வேண்டும். அதனால் ஒரு படத்துக்கு ஒரு பொருள்: சறுக்குக்கட்டை, தொட்டி, மருந்து. அந்த ஒன்றையே பிடித்துக்கொண்டு படிப்படியாக ஏற்ற வேண்டும். கட்டுமானத்தில் பிசிறு இருக்க முடியாது. அமெரிக்காவில் எடுத்த 'ஏழாண்டு கெட்டகாலம்' (1921) என்ற முழுநீளப் படத்திலும் அவருடைய முத்திரை அதுதான். உடைந்துபோன கண்ணாடிக்குப் பதிலாகச் சமையல்காரன் மாக்ஸைப்போல் உடுத்தி எதிரே நின்று, அவர் செய்வதையெல்லாம் அப்படியே செய்கிறான். கண்ணாடி இல்லாத கண்ணாடிக் காட்சி. பன்னிரண்டு ஆண்டு கழித்து மார்க்ஸ் சகோதரர்கள் அதேபோன்ற காட்சியைத் தங்கள் படத்தில் வைத்தார்கள், அது உலகப்புகழ் பெற்றது. சாப்ளினும் லிந்தரை ஆசிரியராகவும் தன்னைச் சீடனாகவும் குறிப்பிட்டுத் தன் புகைப்படத்தில் கையெழுத்திட்டுக் கொடுத்திருக்கிறார்.

ரம்லி வேலை பார்த்த ஷா சகோதரர்களின் சிங்கப்பூர் ஸ்டுடியோ வேறு வார்ப்பு. அங்கே இயக்குநர்கள் பெரும்பாலும் இந்தியாவிலிருந்து வந்தவர்கள். 1948இல் ரம்லியைக் கண்டெடுத்தவர் பி.எஸ். ராஜ்ஹன்ஸ். 1950இல் 'பக்தி' படத்தில் முதன்முதலாகக் கதாநாயகனாக்கியவர், மதராசில் பிறந்து பினாங்கில் வளர்ந்த எல். கிருஷ்ணன். பாட்டு, கண்ணீர், சண்டை, சிரிப்பு எல்லாம் ஒரே இலையில் பரிமாற வேண்டும் என்ற நம் ஊர் விருந்து முறை அவர்களோடு வந்தது. ரம்லியின் நகைச்சுவை அந்தப் பந்தியில் உட்கார்ந்து வளர்ந்தது. ஆகவே அவருடைய சிரிப்புக்கு நடுவே பாட்டு வரும், பாட்டுக்கு நடுவே ஏக்கம் வரும். சில இடங்களில் தொய்வும் வரும், ஒப்புக்கொள்ள வேண்டும். லிந்தர் ஒரு நிமிடத்தில் முடித்திருக்கும் வேடிக்கையை ரம்லி பேசிப் பேசி நீட்டும் காட்சிகள் உண்டு.

ஆனால் சத்தம் அவருக்குக் கொடுத்த வரத்தை லிந்தர் கனவிலும் கண்டிருக்க முடியாது. 'மாசாம் மாசாம் மானிஸ்' படத்தின் சுவரை மௌனப்படத்தில் கட்டவே முடியாது. அங்கே அடிபடுவது கால் கையல்ல, தூக்கம். தடுக்கி விழாமலே ஒருவனை விழவைக்கலாம் என்று ரம்லி காட்டினார். கிள்ளான் பள்ளத்தாக்கில் அறுபதுகளில் ஊரிலிருந்தும் தோட்டத்திலிருந்தும் வந்து அறை எடுத்துத் தங்கிய ஆயிரமாயிரம் பேருக்கு அதுவே சொந்த அனுபவம். அரைகுறை மலாய் மட்டும் தெரிந்த தமிழ் வீட்டுப் பெரியவர்கள் தொலைக்காட்சியில் ரம்லி படம் வந்தால் வேலையைப் போட்டுவிட்டு உட்கார்ந்ததற்குக் காரணமும் இதுதான். வசனத்தில் பாதி புரியாவிட்டாலும், சுவருக்கு அப்பால் என்ன நடக்கிறதென்று அவர்களுக்கு நன்றாகத் தெரியும்.

இறக்கம்

1914க்கு முன்பு உலகிலேயே அதிகச் சம்பளம் வாங்கிய திரை நடிகர்களுள் லிந்தர் ஒருவர். முதல் உலகப்போர் அவர் உடம்பையும் மனத்தையும் உடைத்தது. சாப்ளின் விட்டுப்போன இடத்தை நிரப்ப 1916இல் எசனே நிறுவனம் அமெரிக்காவுக்கு அழைத்தது. அந்த முறை மூன்று படத்தோடு திரும்பினார். சீடனின் நிழல் அதற்குள் ஆசிரியரை மூடிவிட்டது. 1925இல் பாரிசில் மனைவியோடு உயிர்துறந்தபோது அவருக்கு வயது 41.

ரம்லி 1964இல் சிங்கப்பூரைவிட்டுக் கோலாலம்பூர் வந்தார். மெர்டேக்கா ஸ்டுடியோவில் 18 படங்களை இயக்கினார். சிங்கப்பூரில் பழகிய கூட்டம் இல்லை, கைவசம் வசதி குறைவு, ரசனையும் மாறிக்கொண்டிருந்தது. ஆனாலும் புதியதைத் தொட்டுப் பார்க்கத் தயங்கவில்லை. 1968இல் 'கெரிமிஸ்' படத்தில் மலாய் இளைஞனுக்கும் இந்தியப் பெண்ணுக்கும் இடையிலான காதலைச் சொன்னார். கடைசிப் படம் 1972இல் வந்த 'லக்சமானா டோ ரே மி'. மறு ஆண்டு மே 29ஆம் நாள் மாரடைப்பில் மறைந்தார். வயது 44. டான் ஸ்ரீ பட்டம் 1990இல், காலம் கடந்துதான் வந்தது.

இறந்தபின்புதான் இருவர் கதையும் பிரிகிறது. லிந்தர் இறந்தபோது மகள் மோட் கைக்குழந்தை. வளர்ந்த பிறகே அப்பாவின் படத்தைத் திரையில் பார்த்தார். பிறகு வாழ்நாள் முழுக்க, சிதறிக்கிடந்த சுருள்களைத் தேடிச் சேர்த்து, 1963லும் 1983லும் அப்பாவைப் பற்றிய இரண்டு படங்களாகத் தொகுத்தார். ஓர் ஆள் தேடியலைந்ததால் உலகம் லிந்தரை மீண்டும் கண்டது. ரம்லியை யாரும் தேடிக் கண்டுபிடிக்க வேண்டியிருக்கவில்லை. தொலைக்காட்சி அவரை வீட்டுக்கு வீடு கொண்டுவந்தது. கோலாலம்பூரின் செத்தாப்பாக்கில் அவர் குடியிருந்த வீடு 1986இல் நினைவகமானது. நகர நடுவில் அவர் பெயரில் சாலை இருக்கிறது. மெர்டேக்கா ஸ்டுடியோ இருந்த இடம் பிற்பாடு தேசியத் திரைப்பட மேம்பாட்டுக் கழகமான பினாஸிடம் வந்தது.

தீர்ப்பு

ஒப்பிட்டபின் தீர்ப்புச் சொல்லாமல் நழுவுவது நாகரிகமாகத் தெரியலாம், ஆனால் வாசகருக்குப் பயனில்லை. வேடிக்கையைக் கட்டும் தொழிலில் லிந்தரே மூத்தவர், நுட்பமானவர். எங்கே தொடங்கி, எப்படி ஏற்றி, எந்த நொடியில் வெட்டவேண்டும் என்பதற்கு அவருடைய பத்து நிமிடப் படங்கள் இன்றைக்கும் பாடப்புத்தகம். விழுந்தவன்மேல் பார்ப்பவருக்குப் பாசம் வரச்செய்வதில் ரம்லி அவரை மிஞ்சுகிறார். மாக்ஸ் விழுந்தால் ரசிக்கிறோம். சம்சுடின் நடிக்கும் சுடின் திட்டு வாங்கினால் நமக்கும் கொஞ்சம் சுருக்கென்கிறது.

நம் இளைஞர்கள் கைப்பேசியிலேயே படம் பிடித்து, நகைச்சுவைக் காணொளிகளை இணையத்தில் ஏற்றுகிறார்கள். பலவற்றில் சென்னைப் படங்களின் வசனமும் குரலும்தான் கேட்கின்றன. அவர்களுக்கு ஒரு வேண்டுகோள். ஒரு சனிக்கிழமை மாலை 'மாக்ஸ் குளிக்கிறார்' படத்தைப் போட்டுப் பாருங்கள். அது முடிந்ததும் 'மாசாம் மாசாம் மானிஸ்' பாருங்கள். வேடிக்கையைக் கட்டும் முறையை முதலாமவரிடம் எடுத்துக்கொள்ளுங்கள். கதையைத் தேடி வெகுதூரம் போகவேண்டாம். கிள்ளானிலோ பிரிக்பீல்ட்ஸிலோ, உங்கள் வீட்டுச் சுவரில் காதை வைத்தாலே போதும்.